மூன்று நான்கான கதை

பெற்றோர் கூட்டத்திலே பெரியவர் ஒருவர் எழுந்தார். "பெண்பிள்ளைகள் இப்படி உரக்கச் சிரிக்கலாமா, வாத்தியாரே? அச்சம், மடம், நாணம், பயிர்ப்பு என்று தொல்காப்பியரே சொல்லவில்லையா?" என்றார். அவையிலே தலைகள் அசைந்தன. பழைய ஏட்டின் பெயரைக் கேட்டதும் படிக்காமலே தலையசைப்பது நம்மவர் பழக்கமன்றோ!

வீடு திரும்பி ஏட்டைப் புரட்டினேன். தொல்காப்பியர் சொன்னவை மூன்றே: அச்சம், நாண், மடன். பயிர்ப்பு, அழையாமல் பின்னே வந்து பந்தியில் அமர்ந்த விருந்தாளி!

அந்த நூற்பா நிற்குமிடம் எது தெரியுமா, தோழர்களே? களவியல்! பெற்றோர் அறியாமல் ஒருவனை விரும்பும் தலைவியைப் பாடுவதற்கு வகுத்த இலக்கணம். நம் பெரியவர்களோ காதலைக் களத்திலே விட்டுவிட்டு, நாணத்தை மட்டும் மூட்டை கட்டி வீட்டுக்குக் கொண்டுவருகிறார்கள்! அந்தத் தலைவியே இன்று பெரம்பலூர்ப் பேருந்து நிலையத்தில் தன் காதலனோடு நின்றால், நூற்பா சொன்ன அதே வாய் என்ன கேட்கும்? "எந்தச் சாதி?" என்றுதான் கேட்கும்.

அதே இயல் ஆணுக்கு அளித்தது பெருமையும் உரனும். பங்கீட்டின் அழகைப் பாருங்கள்! பருத்திக் காட்டிலே பாம்பை விரட்டுபவள் அச்சத்தை எந்த வரப்பில் வைப்பாள்? அரியலூர்ச் சந்தையிலே கூவி விற்பவள் நாணத்தை எந்தக் கூடையில் மூடுவாள்? அதியமானுக்காகத் தொண்டைமானிடம் தூது சென்ற ஔவை, வாய் பொத்தியா நின்றாள்? அவன் படைக்கலக் கொட்டிலையே நகையாடித் திரும்பினாளே!

மடம் என்றால், அறிந்தும் அறியாததுபோல் இருத்தலாம். நன்று! விடை தெரிந்தும் வெறுந்தாள் தரும் மாணவிக்கு நான் எத்தனை மதிப்பெண் இடுவது?

சிரிப்புக்காகக் கேட்கவில்லை. மறுநாள் வகுப்பிலே கணக்கொன்று கேட்டேன். முதலில் விடை சொல்லும் பெண் தலைகுனிந்திருந்தாள். முந்தைய நாள் சிரித்தவள் அவள்தான். "தெரியாதா?" என்றேன். "தெரியும் ஐயா" என்றாள், தனக்கே கேட்காத குரலில்.

ஒரே நாளில் ஒரு குரலை ஒடுக்கிவிட்டது, படிக்காத நூற்பா ஒன்று. இளைஞர்களே! இனி எவரேனும் நான்கு குணம் என்று தொடங்கினால் சினம் வேண்டாம். களவியலைத் திறந்து கையிலே கொடுங்கள், "எண்ணிப் பாருங்கள், ஐயா!" என்று சொல்லுங்கள். எண்ணத் தொடங்கியவர், பிறகு எண்ணிப் பார்க்கவும் தொடங்குவார்!