தலைவன்பால் பற்றும் குடியேறியோர் வாழ்வும்: ஜான் ஒகாடாவின் ‘நோ-நோ பாய்’ நாவல்

ஜப்பானியச் சாமுராய் மரபு, தலைவனுக்காக உயிரையும் ஈவதைத் தலையாய அறமாகப் போற்றியது. செஞ்சோற்றுக்கடன் என நாம் வழங்குவதற்கு இது நெருங்கியதாகும். தலைவனையும் அவன் நாட்டையும் விட்டுக் கடல்கடந்தோர் இல்லத்தில் அவ்வறம் என்னவாகிறது என்பதை 1957இல் வெளிவந்த ஜான் ஒகாடாவின் ‘நோ-நோ பாய்’ எனும் ஆங்கில நாவல் ஆராய்கிறது.

1942 முதல் அமெரிக்க அரசு ஏறத்தாழ 120,000 ஜப்பானிய வழியினரை முகாம்களில் அடைத்தது. அவர்களுள் மூன்றில் இரு பங்கினர் அமெரிக்கக் குடிமக்கள். படையில் பணிபுரிய உடன்பாடா, ஜப்பானியப் பேரரசர்பால் பணிவைத் துறக்க உடன்பாடா என 1943இல் அவர்களிடம் வினவப்பட்டது. இரண்டிற்கும் மறுப்புரைத்தோரைக் குறித்த பெயரே நாவலின் தலைப்பாயிற்று. கதைத்தலைவன் இச்சிரோ படையில் சேர மறுத்து, முகாமில் ஈராண்டும் சிறையில் ஈராண்டும் கழித்துச் சியாட்டலுக்குத் திரும்புகிறான்.

தலைவனைக் காத்த வீரர்தம் கதைகளை அவனுக்குச் சொல்லி வளர்த்தவள் தாய். ஜப்பான் தோற்றதை அவள் நம்ப மறுக்கிறாள். அவளைத் தொன்மையான மறமரபின் உருவமாகக் கொள்வது எளிது. எனினும் அது பொருந்தாது என்பது நம் கருத்து. சாமுராய்கள் வாளேந்தும் உரிமையை 1876இலேயே இழந்தனர். பின்னர், 1882இல் படைவீரர்க்கும் 1890இல் கல்விக்கும் விடுக்கப்பட்ட பேரரசர் ஆணைகள், தலைவன்பால் இருந்த பற்றைப் பேரரசர்பால் கொள்ளும் பற்றாக்கி அனைவர்க்கும் உரியதாக்கின. எனவே, குடியேறிய தலைமுறை கொண்டுவந்தது பெரும்பாலும் பள்ளியில் கற்ற மறமே.

அமெரிக்கப் படையில் போரிட்டுக் காலிழந்து, அப்புண்ணாலேயே மடியும் கென்ஜியும் அக்கதைகளின் வீரனை ஒத்தவனே. உடன்பட்டவனுக்கும் மறுத்தவனுக்கும் ஒரே அறம் பொருந்துகிறது. யார்பால் பற்றுக் கொள்வது என்பதை மட்டும் அது கூறுவதில்லை. நாவலின் தலையாய உண்மை இதுவெனக் கருதுகிறோம்.

குறையும் உண்டு. ஒரே தலைவனை வேண்டும் தாயின் பிடிவாதம் பித்தாகவே சித்திரிக்கப்படுகிறது. அரசின் வினாக்களும் அதனையே வேண்டின. ஆயின் அப்பிடிவாதம் அத்துணை அழுத்தம் பெறவில்லை.

ஒகாடா அமெரிக்க வான்படையில் பணியாற்றியவர். ஆயினும் மறுத்தவனின் உள்ளத்திலிருந்து எழுதினார். 1971இல் அவர் மறைந்தபோது முதற்பதிப்பின் 1,500 படிகளும் விற்றுத் தீரவில்லை. மறுபதிப்பு 1976இல்தான் வந்தது. பற்றினை ஒற்றைச் சொல்லால் அளக்கும் வினாவையே ஐயுற வேண்டும் என்பதைக் குடியேறியோர் இலக்கியம் கற்பிப்போர்க்கு இந்நாவல் இன்றும் உணர்த்துகிறது.