கொடுக்கு யாருடையது?

குளவியின் கொடுக்கு முட்டையிடும் உறுப்பிலிருந்து வந்தது. ஆண் குளவி கொட்டாது. கி.மு. 422இல் அரிஸ்டோபனிஸ் தன் 'குளவிகள்' நாடகத்தில் அதைக் கிழவர்களுக்கு மாட்டிவிட்டார். மூன்று ஓபல் கூலிக்குத் தீர்ப்புச் சொல்லும் ஏதென்ஸ் ஜூரிகள் அவர்கள். பெண்ணுக்கு அந்த மன்றத்தில் இடமே கிடையாது. கொட்டுவது தங்கள் அதிகாரம்னு கிழவர்கள் நினைக்க, கிளியோன் வகையறாவின் ஏவலாட்கள்தான் என்று நாடகம் காட்டிவிடுகிறது.

1963இல் மார்வெல் காமிக்ஸ் கொடுக்கைப் பெண்ணிடமே திருப்பிக் கொடுத்த மாதிரித் தெரியும். ஜேனட் வான் டைன், தகப்பனைக் கொன்ற வேற்றுக்கிரகப் பிராணியைப் பழிவாங்க வருகிறாள். ஆனால் சிறகு, ஹாங்க் பிம் என்கிற விஞ்ஞானி தந்தது. அதே வருஷம் 'அவெஞ்சர்ஸ்' அணிக்குப் பேர் வைத்தவள் அவள். தலைமைக்கு வர 1982 ஆயிற்று.

ஏவிவிட்ட கோபத்தையும் இரவல் சக்தியையும் விடுதலை என்று என்னால் கொண்டாட முடியாது. கொடுக்கு முளைத்ததா, மாட்டிவிட்டதா? அதை முதலில் கேட்போம்.