கப்பலேறிய பெயர்கள்

சித்தூரிலிருந்து மொகிலி கணவாய் ஏறினால் பலமனேர். 1791 பிப்ரவரியில் கவர்னர் ஜெனரல் சார்லஸ் கார்ன்வாலிஸ், ஆம்பூர்ப் பக்கம் போவதாகத் திப்பு சுல்தானுக்குப் போக்குக் காட்டிவிட்டு, இந்த வழியாகத்தான் மைசூர் மேட்டுநிலத்துக்குப் படையை ஏற்றினார். கடலே தெரியாத இந்த மேட்டுநிலத்தில் மோதிய இரு தரப்பின் பெயர்களும் பின்னாளில் போர்க்கப்பல்களுக்குச் சூட்டப்பட்டன. கப்பலுக்குப் பெயரிடுவது ஒருவரை நினைவுகூர்வது ஆகுமா?

முதலில் கார்ன்வாலிஸ். 1813இல் பம்பாயில் தேக்கால் கட்டிய கார்ன்வாலிஸ் என்ற கப்பலில்தான், முதல் அபினிப் போரை முடித்த நான்கிங் உடன்படிக்கை 1842இல் கையெழுத்தானது. அதே பெயருடைய இன்னொரு போர்க்கப்பலை 1917 ஜனவரி 9 அன்று மால்டா அருகே ஜெர்மன் நீர்மூழ்கி மூழ்கடித்தது. ஆனால் இந்தப் பிந்திய கப்பல் தாங்கியது பலமனேர் வழியே வந்தவரின் பெயரை அல்ல. அவருடைய தம்பி, கடற்படைத் தளபதி வில்லியமின் பெயரை. அண்ணன் தரையில் திப்புவை நெருக்கிய அதே போரில், தம்பி 1791 நவம்பரில் தலசேரி அருகே பிரெஞ்சுக் கப்பல்களை மறித்தார். யாரைப் போற்றுகிறது என்பதைக்கூடக் கப்பலின் பெயர் தானாகச் சொல்வதில்லை.

அடுத்து திப்பு. பிரிட்டன் 1941இல் கடலில் இறக்கிய ஆன்ஸ்லோ என்ற நாசகாரிக் கப்பல், 1949இல் பாகிஸ்தானுக்குப் போய் 'திப்பு சுல்தான்' ஆனது. 1965 செப்டம்பர் 7 இரவு துவாரகையைத் தாக்கிய ஏழு கப்பல்களில் அதுவும் ஒன்று. தேவனஹள்ளியில் பிறந்து, ஸ்ரீரங்கப்பட்டணத்தைக் காத்து மடிந்தவரின் பெயர், அவர் அறியாத ஒரு நாட்டுக்காக இந்தியக் கரையை நோக்கி வந்தது. இதில் திப்புவின் வாழ்க்கை எங்கே இருக்கிறது?

பொருந்திய பெயர்களும் உண்டு. போர்த்துகீசியரைக் கடலில் எதிர்த்த குஞ்ஞாலி மரைக்காயர் பெயர் மும்பையின் கடற்படைத் தளத்துக்கு நியாயமாகவே வந்தது. 1990இல் விஜயநாராயணத்தில் தொடங்கிய ஐ.என்.எஸ். கட்டபொம்மன் என்ற கடற்படை நிலையம், கட்டபொம்மனைப் பாடி வளர்ந்த நெல்லைச் சீமையிலேயே நிற்கிறது.

கப்பல் அழிந்தாலும் பெயர் வாழ்கிறதே என்பார்கள். உண்மைதான். 1971 டிசம்பர் 9 அன்று இந்தியப் போர்க்கப்பல் குக்ரி மூழ்கியபோது 18 அதிகாரிகளும் 176 மாலுமிகளும் மாண்டார்கள்; கேப்டன் மகேந்திரநாத் முல்லா கப்பலை விட்டு இறங்கவில்லை. அந்தப் பெயரை 1989இல் பணியில் சேர்ந்த புதுக் கப்பலுக்கு வைத்தார்கள். ஆனால் குக்ரி என்பது ஒரு கத்தியின் பெயர். அதற்குப் பெருமை தந்தவர்கள் அதில் உயிர்விட்டவர்களே.

ஆகவே என் தீர்ப்பு இது: கப்பல் பெயர் அரசு தன் தேவைக்கு அளிக்கும் மரியாதை, அது நினைவு ஆகாது. நினைவு என்றால் இரு தரப்பையும் சொல்ல வேண்டும், நடந்த இடத்தில் நின்று சொல்ல வேண்டும். கார்ன்வாலிஸின் படையை நகர்த்தியவை வண்டிமாடுகள். 1791 மே மாதம் அவை கூட்டங்கூட்டமாக மடிந்ததால்தான், அவர் முற்றுகைப் பீரங்கிகளைத் தாமே அழித்துவிட்டுத் திரும்ப நேர்ந்தது. அந்த மாடுகளை ஓட்டியவர்களின் பெயர் எந்தக் கப்பலிலும் இல்லை. மொகிலி கணவாயின் கதையைச் சொல்பவர் அவர்களையும் சேர்த்தே சொல்ல வேண்டும்.