சின்னத்திரையில் சோதனை மேசை

தொலைக்காட்சி அறிவியலுக்குத் தாய்வீடு லண்டன் ராயல் இன்ஸ்டிட்யூஷன். அங்கே 1825இல் தொடங்கிய கிறிஸ்துமஸ் சொற்பொழிவுகளில் 19 தொடர்களை மைக்கேல் பாரடேயே நிகழ்த்தியிருக்கிறார். 1966 முதல் பி.பி.சி. அவற்றை ஆண்டுதோறும் ஒளிபரப்பத் தொடங்கியது. அரங்கு நிறையச் சிறுவர்கள். சோதனை பிசகினால் அவர்கள் கண்ணெதிரேதான் பிசகும். அந்தத் துணிச்சல்தான் இம்மரபின் முதல் இலக்கணம்.

அமெரிக்க வழி வேறு. என்.பி.சி.யில் 1951இல் வந்த 'வாட்ச் மிஸ்டர் விஸார்ட்' நிகழ்ச்சியில் டான் ஹெர்பர்ட் வீட்டுச் சாமான்களையே கருவியாக்கினார். உடன் ஒரு சிறுவனோ சிறுமியோ இருந்தால் போதும்.

என் மனம் சாய்வது ஜூலியஸ் சம்னர் மில்லர் பக்கம். ஆஸ்திரேலியாவின் ஏ.பி.சி.யில் 1963 முதல் 1986 வரை வந்த அவருடைய நிகழ்ச்சியின் பெயரே 'ஏன் இப்படி?' என்று பொருள்படும் கேள்வி. பால்புட்டிக்குள் முட்டை இறங்கும் சோதனை அவரால் அங்கே பிரபலம். புட்டிக்குள் இட்ட தீ அணைந்ததும், வாயில் வைத்த முட்டை வழுக்கி உள்ளே போகிறது. புட்டி உறிஞ்சிவிட்டது என்றே தோன்றும். உண்மையில், சூடான காற்றில் ஒரு பங்கு வெளியேறிவிட, மிச்சம் குளிர்ந்து அழுத்தம் குறைகிறது. முட்டையைத் தள்ளுவது வெளிக்காற்று. கண் சொன்னதை அறிவு மறுக்கும் இந்த இடம் இல்லாவிட்டால் அது வெறும் வித்தை. பார்ப்பவர் முன்கூட்டி ஊகிக்க அவகாசம் தந்தார்களா என்பதுதான் என் உரைகல்.

கணிதம் இன்னும் கடினம். கிறிஸ்துமஸ் சொற்பொழிவு மேடைக்கே அது 1978இல்தான், கணிதவியலாளர் கிறிஸ்டோபர் ஸீமன் வழியாக வந்தது. ஒரு முக்கோணத்தை அளந்து காட்டினால் அது அந்த முக்கோணத்துக்கு மட்டுமே சாட்சி, நிரூபணமாகாது. பக்கங்கள் நீண்டும் குறுகியும் மாறுகையில் உறவு மட்டும் மாறாமல் நிற்பதைக் காட்ட அசைவூட்டம் வேண்டும். கலிபோர்னியா தொழில்நுட்பக் கழகமான கால்டெக்கில் டாம் அபோஸ்டல் உருவாக்கிய 'புராஜெக்ட் மேத்தமேட்டிக்ஸ்' படங்களின் பலம் அதுதான். அதே கால்டெக்கின் 'மெக்கானிக்கல் யுனிவர்ஸ்' இயற்பியல் தொடர் 52 பகுதிகள் கொண்டது. சமன்பாடுகளே அதில் நடிகர்கள். சில இடங்களில் வேகம் அதிகம் என்பேன்.

இந்தியாவில் 1975-76இல் செயற்கைக்கோள் வழி சுமார் 2,400 கிராமங்களுக்குக் கல்வி ஒளிபரப்பு சென்றது. பின்னர் தூர்தர்ஷனின் 'டர்னிங் பாயின்ட்' நிகழ்ச்சியில் நேயர்களின் கேள்விகளை இயற்பியலாளர் யஷ்பால் மதித்துப் பதில் சொன்னார்.

இன்று தமிழில் பாடக் காணொளி எடுக்கும் ஆசிரியர்களுக்கு ஒரு வேண்டுகோள்: சோதனை நடக்கும்போது காட்சியை வெட்டாதீர்கள், விடை சொல்லுமுன் பிள்ளைகள் யோசிக்கக் கொஞ்சம் நிறுத்துங்கள்.