வீட்டாரைத் தொடாத பேய்கள்

2024 மே மாதம் ‘அரண்மனை 4’ வசூலை வாரியதிலிருந்து பேய்ச் சிரிப்புப் படங்களுக்கு வக்காலத்து வாங்கும் குரல் மறுபடி பலத்திருக்கிறது. குடும்பத்தோடு உட்கார்ந்து பயப்படலாம், சிரிக்கலாம் என்பதே வாதம். ஹட்டன், நுவரெலியா தோட்டங்களில், தீபாவளிக்கு லயத்துக் காம்பராவில் மூன்று தலைமுறையும் ஒரே டிவி முன் நெருங்கி உட்காரும்போது அது உண்மைதான்.

‘காஞ்சனா’வில் (2011) கோவை சரளாவும் தேவதர்ஷினியும் மாமியார், மருமகளாக அடிக்கும் கூத்துக்கு ஈடில்லை. திருநங்கை வேடத்தைச் சரத்குமார் கம்பீரமாக ஏற்றதும் துணிச்சல்தான்.

ஆனால் இந்தப் படங்கள் வீட்டை ஆட்டிவைக்கின்றன. வீட்டாரை ஒரு கேள்வியும் கேட்பதில்லை.

அமெரிக்காவின் ‘தி சிம்ப்சன்ஸ்’ கார்ட்டூன் தொடர், 1990 அக்டோபரில் முதல் ஹாலோவீன் சிறப்புப் பகுதியை ஒளிபரப்பியது. அதில் ஒரு பேய்வீடு, புதிதாகக் குடிவந்த குடும்பத்தை விரட்டப் பார்க்கிறது. முடியவில்லை. கடைசியில், இவர்களோடு வாழ்வதைவிட அழிவதே மேல் என்று வீடு தன்னைத்தானே அழித்துக்கொள்கிறது. பேய்ப்படத்தைக் கிண்டல் செய்யும் சாக்கில் அடி விழுவது குடும்பத்துக்கு.

நம் ‘காஞ்சனா’வில் பேயாக வருபவள் யார்? திருநங்கை என்பதால் வீட்டைவிட்டுத் துரத்தப்பட்டவள். பிறகு நிலத்துக்காக ஓர் அரசியல்வாதி அவளைக் கொல்கிறான். பழி முழுவதும் அவன்மேல் தீர்கிறது. துரத்திய வீட்டின் பக்கம் படம் திரும்பவே இல்லை. இதைவிட மோசம் ஒன்று உண்டு. மகனாக நடிக்கும் ராகவா லாரன்ஸ்மீது அவள் இறங்கியதும் அவன் சேலை கட்டுகிறான், நடை மாறுகிறது. அம்மாவும் அண்ணியும் பதறுவதை வைத்தே படம் சிரிப்பு மூட்டுகிறது. காஞ்சனாவைத் துரத்திய வீட்டிலும் இதே பதற்றம்தானே இருந்திருக்கும்? எதைப் பார்த்துச் சிரித்தோமோ, அதற்காகவே பின்னால் அழச் சொல்கிறார்கள். இரண்டையும் முடிச்சுப்போட ஒரு காட்சிகூட இல்லை.

‘அரண்மனை 2’ (2016) கொன்றவர்கள் வீட்டுக்குள்ளேயே இருப்பதைக் காட்டுகிறது. அப்போதும் நாம் பயப்பட வேண்டியது கொல்லப்பட்ட மகளுக்கு.

மலையகம் இதைவிட நேர்மையான ஆட்டத்தை அறியும். மாசியில் தோட்டங்களில் ஆடும் காமன் கூத்தில் ரதி தடுக்கிறாள், மன்மதன் கேட்காமல் போகிறான், சிவனின் நெற்றிக்கண்ணில் எரிகிறான். ஊரை நடுங்கவைக்கும் தீயும் புருஷன் பெண்சாதி வழக்கும் அங்கே ஒரே களத்தில் நிற்கின்றன.

சிரிக்கவைத்தால் போதாதா என்பார்கள். போதாது. நாள் முழுக்கக் கொழுந்து பறித்தவள் திரும்பி வந்து அடுப்பையும் மூட்டுகிறாள். அவள் சம்பளத்தைப் புருஷனே போய் வாங்கிய காலமும் தோட்டத்தில் இருந்தது. அந்தக் காம்பராவுக்குள் ஒரு பேய் வந்தால் யாரைப் பிடிக்கும், என்ன கேட்கும்? ‘அரண்மனை’ வரிசையில் நான்கு படம் ஓடிவிட்டது. அந்தக் கேள்விக்கு அருகில்கூட ஒன்றும் போகவில்லை.