பதிப்பின் பெயர் சொல்லாத மேற்கோள்: தமிழ் ஆய்வேடுகளில் சான்று காட்டும் முறை குறித்த ஒரு மதிப்பீடு

ஆய்வுச் சுருக்கம்

தமிழ் இலக்கிய ஆய்வேடுகளிலும் முதுகலை ஒப்படைவுகளிலும் மூலநூலின் பெயரும் பாடல் எண்ணும் தரப்படுகின்றன. பாடம் எடுக்கப்பட்ட பதிப்பு பெரும்பாலும் தெளிவாகச் சுட்டப்படுவதில்லை. இவ்விடுபாடு ஆய்வின் முடிவையே பாதிக்கக்கூடியது என்பதை உ.வே.சாமிநாதையரின் பதிப்பு நெறி, சங்க இலக்கியப் பதிப்புகளுக்கிடையேயான வேறுபாடு, பல்கலைக்கழக மானியக் குழுவின் 2018ஆம் ஆண்டு ஒழுங்குமுறை ஆகியவற்றின் துணைகொண்டு இக்கட்டுரை விளக்குகிறது. தென்சென்னை நூலகங்களைப் பயன்படுத்தி மேற்கொள்ளத்தக்க பயிற்சி ஒன்றையும் முன்வைக்கிறது.

திறவுச்சொற்கள்: மேற்கோள், பதிப்பு, பாடவேறுபாடு, வழிச்சான்று, கருத்துத் திருட்டு, சங்க இலக்கியம்.

முன்னுரை

‘புறம். 279’ என்று அடைப்புக்குறிக்குள் எழுதிவிட்டால் சான்று காட்டியாயிற்று என்னும் எண்ணம் நம் ஆய்வேடுகளில் நிலைபெற்றுள்ளது. பாடல் எண், படிப்பவரைப் பாடலிடம் கொண்டு சேர்க்கும். ஆய்வாளர் எந்தப் பாடத்தைப் படித்தார், யாருடைய உரையின் வழியே பொருள் கொண்டார் என்பவற்றை அது சொல்லாது. ஆய்வேட்டின் இறுதியிலுள்ள துணைநூற்பட்டியலைப் புரட்டினால், ஒரே நூலின் இரண்டு மூன்று பதிப்புகள் அங்கே இடம்பெற்றிருக்கும். அவற்றுள் எதிலிருந்து இந்த அடி எடுக்கப்பட்டது என்ற வினாவுக்கு அப்பட்டியலிலும் விடை இராது.

இக்குறையைப் புறவடிவம் சார்ந்த சிறு பிழையாகக் கருதி மதிப்பீட்டாளர்கள் கடந்துசெல்வதுண்டு. அது ஆய்வின் உண்மைத்தன்மை சார்ந்த சிக்கல் என்பதே இக்கட்டுரையின் கருத்து.

பதிப்பாசிரியர்கள் வகுத்த நெறி

சான்று காட்டும் முறை மேலைநாட்டுக் கையேடுகளின் வழியே அண்மையில் நமக்கு வந்தது என்ற கருத்து பொருத்தமற்றது. உரையாசிரியர்கள் தம் விளக்கத்துக்கு வலுச்சேர்க்கப் பிற நூல்களின் அடிகளை எடுத்துக்காட்டினர். ஆனால் அவர்கள் பல இடங்களில் நூலின் பெயரைச் சொல்லவில்லை. கேட்போர் அறிவர் என்ற நம்பிக்கையில் அமைந்த வழக்கம் அது. அந்நூல்களைக் கற்போர் அருகியபோது மேற்கோள்களின் பிறப்பிடமும் மறைந்தது.

சீவக சிந்தாமணியை நச்சினார்க்கினியர் உரையுடன் பதிப்பிக்க முனைந்தபோது உ.வே.சாமிநாதையர் எதிர்கொண்ட பெரும் இடர்களுள் இதுவும் ஒன்று. பிறரும் இவ்வாறு கூறினர் என்ற அளவில் உரையாசிரியர் நிறுத்திவிட, அந்தப் பிறர் யாவர் என்று தேடும் பொறுப்பு பதிப்பாசிரியர்மேல் விழுந்தது. எட்டுத்தொகை, பத்துப்பாட்டுச் சுவடிகளைத் தேடிப் படித்தபோது பல மேற்கோள்களின் மூலம் புலப்பட்டது. 1887இல் சிந்தாமணி வெளிவந்தது. பத்துப்பாட்டு 1889இலும் சிலப்பதிகாரம் 1892இலும் புறநானூறு 1894இலும் மணிமேகலை 1898இலும் தொடர்ந்தன. பெயர் சுட்டாத மேற்கோள்களின் மூலத்தைத் தேடிய உழைப்பும் இந்நூல்களின் மீட்புக்குத் துணைநின்றது எனலாம்.

அவருடைய பதிப்புகளின் அமைப்பை இந்நோக்கில் காண வேண்டும். எந்தச் சுவடி யாரிடமிருந்து கிடைத்தது என்பதை முகவுரை கூறுகிறது. அடிக்குறிப்புகள் பாடவேறுபாடுகளையும் ஒப்புமைப் பகுதிகளையும் தருகின்றன. எடுத்தாண்ட நூல்களின் பெயர்ச் சுருக்கங்களுக்குத் தனி அகராதி அமைகிறது. பதிப்பாசிரியர் எதைக் கண்டார், எதை ஊகித்தார் என்பதைப் படிப்பவர் தாமே சோதித்துக்கொள்ள இவ்வமைப்பு இடந்தருகிறது. சென்னைப் பல்கலைக்கழகம் 1924 முதல் 1936 வரை ஆறு தொகுதிகளாக வெளியிட்ட தமிழ்ப் பேரகராதியும், சொற்பொருளுக்கு நூற்சான்று காட்டும் நெறியையே பின்பற்றியது. இவ்வளவு உறுதியான மரபைக் கொண்ட துறையில் இன்றைய ஆய்வேடு வெறும் பாடல் எண்ணோடு நின்றுவிடுவது பின்னடைவே.

பதிப்புகள் வேறு, பாடங்கள் வேறு

சங்க இலக்கியத்துக்கு இன்று மிகுதியாகக் கையாளப்படும் பதிப்பு மரபுகள் மூன்றை எடுத்துக்கொள்ளலாம். உ.வே.சாமிநாதையர் தனித்தனி நூல்களாக வெளியிட்டவை முதல் வகை. ச.வையாபுரிப்பிள்ளையைப் பதிப்பாசிரியராகக் கொண்டு சைவ சித்தாந்த மகா சமாஜம் 1940இல் வெளியிட்ட தொகுப்பு இரண்டாம் வகை. இதில் பாடல்கள் புலவர் வரிசையில் அமைந்துள்ளன. மர்ரே எஸ்.ராஜம் 1957இல் வெளியிட்ட, சந்தி பிரித்த மக்கள் பதிப்பு மூன்றாம் வகை. 1981இல் நியூ செஞ்சுரி புத்தக நிறுவனத்தின் மறுபதிப்பின் வழி இது பரவலாகக் கைக்குக் கிடைத்தது.

ஆய்வேட்டில் மேற்கோளாக நிற்கும் அடிகள் சந்தி பிரித்த வடிவில் இருக்க, அடிக்குறிப்போ உ.வே.சா. பதிப்பைச் சுட்டுவதுண்டு. அவ்வாறு அமைந்த மேற்கோள், வேறொரு நூலிலிருந்து எடுக்கப்பட்டது என்பதைத் தானே காட்டிக்கொடுத்துவிடுகிறது. பொருளாய்வில் இதனால் பெரிய தீங்கு இல்லை என்று வாதிடலாம். யாப்பாய்வில் அவ்வாறு கூற இயலாது. ‘நாடில்லை’ என்ற சொல்வடிவம் நா-டில்-லை என மூன்று நேரசைகளாக அமைந்து ஒரு சீராகிறது. ‘நாடு இல்லை’ என்று பிரித்து எழுதினால் காரிகை மரபின்படி நான்கு அசைகள் வருகின்றன. சீரும் இரண்டாகத் தோன்றுகிறது. சந்தி பிரித்த பாடத்தை வைத்துக்கொண்டு அசைகளையும் சீர்களையும் எண்ணி, அவ்வெண்ணிக்கையைப் புலவரின் நடையியல்பாக விளக்கும் ஆய்வாளர், பதிப்பாசிரியரின் முடிவைப் புலவர்மேல் ஏற்றுகிறார். பதிப்பைச் சுட்டியிருந்தால் மதிப்பீட்டாளர் இதனை ஒரு பார்வையில் கண்டுகொள்வார்.

உரையைச் சுட்டுவதிலும் இதே இடர்ப்பாடு உண்டு. புறநானூற்றின் பழைய உரை முதல் 266 பாடல்களுக்கே கிடைத்துள்ளது. எனவே ஒக்கூர் மாசாத்தியாரின் 279ஆம் பாடலுக்குப் ‘பழைய உரை’ என்று சான்று காட்டும் குறிப்பு உண்மையாக இருக்க வழியில்லை. அங்கே எடுத்தாளப்பட்டது ஔவை சு.துரைசாமிப்பிள்ளையின் உரையாகவோ பின்வந்த ஒரு தெளிவுரையாகவோ இருக்கலாம். மயிலாப்பூர், தியாகராய நகர்ப் புத்தகக் கடைகளில் எளிதில் கிடைக்கும் தெளிவுரைப் பதிப்புகளைப் பயன்படுத்துவது குற்றமன்று. இருபதாம் நூற்றாண்டு உரைகாரர் ஒருவரின் விளக்கம் இடைக்காலச் சான்றாக மாறிவிடுவதே குற்றம்.

பெயரும் ஆண்டும்

ஆசிரியர் பெயரையும் ஆண்டையும் அடைப்புக்குறிக்குள் தரும் முறை சமூக அறிவியல் துறைகளில் பரவலாகக் கையாளப்படுவது. அதனை அப்படியே தமிழ் இலக்கிய ஆய்வுக்குப் பெயர்க்கும்போது காலக்குழப்பம் நேர்கிறது. ‘சாமிநாதையர், 1950’ என்ற குறிப்பைக் கருதுவோம். ‘என் சரித்திரம்’ ஆனந்த விகடனில் 1940 முதல் 1942 வரை தொடராக வந்தது. அவர் 1942இல் மறைந்தார்; நூல்வடிவம் 1950இல் வெளியானது. மறுபதிப்பைப் பயன்படுத்துவோர் 1990 என்றும் 2008 என்றும் எழுதும்போது, மறைந்து பல பத்தாண்டுகள் ஆன ஒருவர் அவ்வாண்டில் கருத்துரைத்ததாகத் தோற்றம் ஏற்படுகிறது. பதிப்பு வரலாற்றையோ ஆய்வு வரலாற்றையோ எழுதுபவர் இவ்வாண்டுகளை நம்பினால், யார் யாருக்கு முற்பட்டவர் என்ற வரிசையே தலைகீழாகும். முதற்பதிப்பு ஆண்டையும் பயன்படுத்திய பதிப்பின் ஆண்டையும் சேர்த்துத் தருவது இதற்குப் போதிய தீர்வாகும்.

பெயரமைப்பிலும் ஒருமை தேவை. குடும்பப் பெயரை முன்வைக்கும் மேலைமுறைக்கும், தலைப்பெழுத்தும் இயற்பெயரும் கொண்ட தமிழ் வழக்குக்கும் பொருத்தம் குறைவு. ஒரே பட்டியலில் ஒருவர் ‘உ’கரத்தில் ஒருமுறையும் ‘சா’வில் ஒருமுறையும் இடம்பெறுவதைத் தவிர்க்க, இயற்பெயரை முதலிலும் தலைப்பெழுத்தைப் பின்னும் அமைத்துத் தமிழ் அகரவரிசையில் அடுக்கும் முறையை ஆய்வேடு முழுவதும் கைக்கொள்ளலாம். ‘மேலது’ என்ற குறிப்பும் கணினிக் காலத்தில் ஆபத்தானதாகிவிட்டது. பத்திகளை வெட்டி இடம் மாற்றும்போது, ‘மேலது’ முன்னர்ச் சுட்டிய நூலை விட்டு வேறொன்றைச் சுட்டத் தொடங்குகிறது. சுருக்கக் குறியீட்டோடு நூற்பெயரை ஒவ்வொருமுறையும் எழுதுவதே பாதுகாப்பானது.

விழுக்காடு காணாதவை

பல்கலைக்கழக மானியக் குழு 2018இல் வெளியிட்ட ஒழுங்குமுறை, ஒப்புமை பத்து விழுக்காடு வரை இருப்பின் தண்டனை இல்லை என்கிறது. அதற்குமேல் நாற்பது வரை, நாற்பதுக்குமேல் அறுபது வரை, அறுபதுக்குமேல் என மூன்று நிலைகளை வகுக்கிறது. ஆய்வேட்டைப் பொறுத்தவரை, முதல் நிலையில் ஆறு மாதங்களுக்கு மிகாத காலத்துக்குள் திருத்தி ஒப்படைக்க வேண்டும். இரண்டாம் நிலையில் ஓராண்டுக்கு ஒப்படைக்கத் தடை. மூன்றாம் நிலையில் ஆய்வுப் பதிவு நீக்கப்படும். உரிய முறையில் சான்று காட்டி எடுத்தாண்ட மேற்கோள்களும் துணைநூற்பட்டியலும் கணக்கில் சேரா.

இவ்வொழுங்குமுறை தேவையானதே. எனினும் அதன் நடைமுறை விளைவு ஒன்றைக் கருத வேண்டும். ஆய்வாளரின் கவனம் விழுக்காட்டைக் குறைப்பதில் குவிகிறது. பிறர் பத்தியின் சொற்களை மாற்றி எழுதிக் கருத்தை அப்படியே வைத்துக்கொண்டால் எண் குறையும், கடன் குறையாது. இலக்கணக் கலைச்சொற்களையும் செய்யுள் அடிகளையும் மாற்றி எழுத இயலாத தமிழாய்வாளர் நேர்மையாக மேற்கோள் காட்டவே தயங்கும் நிலையும் உருவாகலாம். மென்பொருள் சொல்லொப்புமையை எண்ணும். காணாத பதிப்பைக் கண்டதாகக் காட்டும் குறிப்பையும், 279ஆம் பாடலுக்குக் காட்டப்படும் பழைய உரையையும் அது எண்ணாது. இவற்றைக் காணவல்லவர் நெறியாளரும் மதிப்பீட்டாளருமே. அப்பொறுப்பை எண்ணொன்றிடம் ஒப்படைத்துவிட்டு நாம் நிறைவுகொள்ளக் கூடாது.

வழிச்சான்றும் மின்பதிப்பும்

1894ஆம் ஆண்டுப் பதிப்பை எல்லாரும் தேடிப் பிடிக்க முடியுமா என்ற எதிர்வினா எழும். அது நியாயமானது. பணிபுரிந்துகொண்டே பகுதிநேரமாக ஆய்வு செய்பவருக்கும், சிற்றூர்க் கல்லூரி மாணவருக்கும் முதற்பதிப்பைக் கட்டாயமாக்குவது பொருந்தாது. அவர்களிடம் எதிர்பார்க்க வேண்டியது ஒன்றுதான்: கண்டதைக் கண்டதாகவும், பிறர்வழி அறிந்ததை வழிச்சான்றாகவும் எழுதுதல். க.கைலாசபதி 1968இல் ஆங்கிலத்தில் வெளியிட்ட வீரநிலைக் கவிதை பற்றிய நூலைத் தமிழாக்கத்தில் படித்தவர், மொழிபெயர்ப்பைச் சுட்டினால் போதும். வேறொரு கட்டுரையில் எடுத்தாளப்பட்டதைப் படித்தவர், அக்கட்டுரையின் ஆசிரியர் பெயரோடு ‘எடுத்தாளப்பட்டது’ என்று குறித்தால் அவர் மதிப்பு குறையாது.

மின்பதிப்புகளுக்கும் இந்நெறியே ஏற்றது. 1998இல் தொடங்கிய மதுரைத் திட்டம், தன்னார்வலர்களின் உழைப்பால் பழந்தமிழ் நூல்களை உலகெங்கும் கொண்டுசேர்த்துள்ளது. அதிலிருந்து படியெடுத்துவிட்டு அச்சுநூலின் பக்க எண்ணைத் துணைநூற்பட்டியலில் எழுதுவது, அத்தன்னார்வலர்களின் உழைப்பை மறைப்பதாகும். தட்டச்சுப் பிழை ஏதேனும் இருப்பின் அது அச்சுப்பதிப்பின் பிழையாகவும் ஆகிவிடும். தட்டச்சு செய்த பாடத்தையும் பக்கப்படங்களாக உள்ள நூலையும் வேறுபடுத்திக் காட்டுதல், மின்பதிப்பில் மூலப்பதிப்பு குறிக்கப்பட்டிருப்பின் அதனைத் தருதல், பார்த்த நாளைக் குறித்தல் ஆகிய மூன்றும் தேவை.

அடையாற்றைச் சூழ்ந்த நூலகங்களும் ஒரு பயிற்சியும்

சென்னையில் பயில்வோருக்கு மூலப்பதிப்பைக் காண்பது அரிதான செயல் அன்று. 1943இல் நிறுவப்பட்ட உ.வே.சாமிநாதையர் நூல் நிலையம் பெசன்ட் நகரில் உள்ளது. பிரம்மஞான சபை வளாகத்தில் 1886இல் தொடங்கிய அடையாறு நூலகம் இருக்கிறது. கோட்டையூர் ரோஜா முத்தையாவின் சேகரிப்பை அடித்தளமாகக் கொண்ட ஆராய்ச்சி நூலகமும் உலகத் தமிழாராய்ச்சி நிறுவனமும் தரமணியில் இயங்குகின்றன. கோட்டூர்புரத்தில் அண்ணா நூற்றாண்டு நூலகமும் தமிழ் இணையக் கல்விக்கழகமும் உள்ளன. கல்விக்கழகத்தின் மின்னூலகம் பழைய அச்சுநூல்களின் பக்கப்படங்களை இணையத்தில் தருவதால், வெளியூர் மாணவர்க்கும் வழி திறந்துள்ளது.

இவற்றைக் கொண்டு முதுகலை முதலாண்டிலேயே ஒரு பயிற்சியை அமைக்கலாம். மாணவர் ஒவ்வொருவரும் ஒரு பாடலை எடுத்துக்கொண்டு, மூன்று பதிப்புகளில் அதன் பாடத்தை ஒப்பிட்டு, வேறுபாடுகளையும் உரைகளையும் இரண்டு பக்கத்தில் பதிவுசெய்ய வேண்டும். நூலைக் கையிலோ பக்கப்படமாகவோ கண்டதை உறுதிசெய்யும் வகையில் பதிப்பு ஆண்டு, பதிப்பு எண், பக்கம் ஆகியவற்றைத் தர வேண்டும். துறை சொற்ப மதிப்பெண் ஒதுக்கினாலும் போதும். சான்று காட்டுதல் காற்புள்ளி, அரைப்புள்ளி பற்றிய விதியாகக் கற்பிக்கப்படும்வரை மாணவர் அதை மனப்பாடம் செய்வர். ஒரே அடி இரண்டு பதிப்புகளில் இரண்டு விதமாக நிற்பதைத் தாமே கண்டவருக்குப் பதிப்பின் பெயரை ஏன் எழுத வேண்டும் என்று விளக்க வேண்டியிராது.

முடிவுரை

மூலநூலின் பெயர், பாடல் மற்றும் அடி எண், பதிப்பாசிரியர் அல்லது உரைகாரர் பெயர், முதற்பதிப்பு ஆண்டுடன் பயன்படுத்திய பதிப்பின் ஆண்டு ஆகிய நான்கும் சேர்ந்தாலே ஒரு மேற்கோள் முழுமை பெறும். ஆய்வேட்டில் ஒரு பதிப்பையே தொடர்ந்து கையாள்பவர் முன்னுரையில் அதனை ஒருமுறை அறிவித்துவிட்டு, விலகும் இடங்களில் மட்டும் குறித்தால் போதும். வாய்மொழித் தேர்விலும், துணைநூற்பட்டியலிலிருந்து ஏதேனும் இரண்டு குறிப்புகளைத் தேர்ந்து, அந்நூலை எங்கே பார்த்தீர்கள் என்று கேட்கும் வழக்கம் ஏற்பட வேண்டும். பெயர் சுட்டப்படாத மேற்கோள்களின் மூலத்தைத் தேடி ஒரு தலைமுறைப் பதிப்பாசிரியர்கள் தம் வாழ்நாளைச் செலவிட்டனர். நம் ஆய்வேடுகளைப் படிக்கப்போகும் அடுத்த தலைமுறைக்கு அதே வேலையை நாம் விட்டுச்செல்ல வேண்டியதில்லை.