மரியாதை என்னும் சொல்லும் திருக்கோவலூர் இடைகழியும்

'மரியாதை' என்பதைப் பெரியோர்க்குக் காட்டும் பணிவு என்றும், கோயிலில் தீர்த்தம், பரிவட்டம், ஸ்ரீசடகோபம் ஆகியவற்றை முறைப்படி பெறும் உரிமை என்றுமே இந்நாளில் பலரும் கொள்கின்றனர். இரண்டும் வழிவந்த பொருள்கள். வடமொழி 'மர்யாதா'வுக்கு எல்லை, கரை, வரம்பு என்பனவே முதற்பொருள். சுந்தரகாண்டத்தில் திருவடி பிராட்டியிடம், பெருமாளை உலகத்து மர்யாதைகளை இயற்றுபவராகவும் இயற்றுவிப்பவராகவும் கூறுவது இப்பொருளிலேயே. திண்டிவனம், விழுப்புரம் கடைத்தெருக்களில் 'மரியாதையாகப் போய்விடு' என்று ஒருவன் அதட்டும்போதும் இப்பழம்பொருளே தலைகாட்டுகிறது. அவ்வதட்டலில் பணிவுக்கு ஏது இடம்? 'வரம்பைக் கடவாதே' என்பதே கருத்து.

இலக்கண நூலார் இச்சொல்லை இன்னும் நுட்பமாக வரையறுத்தனர். 'ஆங்' என்னும் இடைச்சொல்லுக்குப் பாணினி மர்யாதை, அபிவிதி என இரு பொருள் காட்டுகிறார். 'பாடலிபுத்திரம் வரை மழை பெய்தது' என்னுமிடத்து, அந்நகரம் நீங்கலாக எனின் மர்யாதை. அந்நகரும் உட்பட எனின் அபிவிதி. ஆகவே மர்யாதை என்பது எல்லையைத் தொடாது நிற்பது.

விழுப்புரத்துக்கு மேற்கே, தென்பெண்ணைக் கரையில் உள்ள திருக்கோவலூரின் இடைகழி வரலாற்றை இவ்வேறுபாட்டோடு நோக்க வேண்டும். ஒருவர் கிடக்கலாம், இருவர் இருக்கலாம், மூவர் நிற்கலாம் என்னும் அளவேயுள்ள இடம் அது. மழையிரவில் பொய்கையார் எழுந்து அமர்ந்து பூதத்தார்க்கு இடம் தந்தார். பேயார் வந்தபோது இருவரும் எழுந்து நின்றனர். வந்தவரின் குலமும் பெருமையும் வினவப்படவில்லை. தம்மைச் சுருக்கிக்கொண்டதே அவர்கள் காத்த மரியாதை.

நான்காமவனாய் எம்பெருமான் புகுந்து நெருக்கியதை 'மரியாதையை மீறினான்' என்று உபந்யாஸங்களில் நயம்படக் கூறுவதுண்டு. கேட்க இனிதாயினும் அது பொருந்தாது. உலகளந்தவனுக்கு அவ்விடைகழி எல்லையாகாது; எனினும் அதற்குள் அடங்கி, அடியாரோடு புரையறக் கலந்தான். வியாக்யாதாக்கள் ஸௌசீல்யம் என்பது இதனையே. இலக்கண வழக்கில் சொல்வதாயின், அவன் தன்னை எல்லைக்கு அப்பால் நிறுத்தும் மர்யாதையை விட்டு, எல்லையையும் உட்கொள்ளும் அபிவிதியை ஏற்றான்.

ஸ்வாமி தேசிகனின் தேஹளீச ஸ்துதியும் இதனை மீறலாகக் காட்டவில்லை. பெண்ணைக்கரைக் கரும்பாகவே எம்பெருமானைக் கண்டு, முதலாழ்வார்கள் நெருக்கியதில் பெருகிய சாறாக அவன் இனிமையைப் பேசுகிறது. கரும்பு விளையும் இந்நாட்டார்க்கு அவ்வுவமைக்கு உரை வேண்டா. பிழியப்பட்டவன் அவனே, நெருக்கத்தால் அவனுக்குக் குறையேதும் வந்ததாக ஆசார்யர் கருதவில்லை. கோயில்தோறும் 'முதல் மரியாதை' யாருக்கு என்று வழக்காடுவோர், இடைகழியில் அம்மூவருள் முதலில் இடம்விட்டவர் யார் என்பதையும் எண்ணிப் பார்க்கலாம்.